எல்லை காந்தியின் அண்ணன்: டாக்டர் கான் சாகிப்

வணக்கம் நண்பர்களே. சென்ற காணொளியில் எல்லை காந்தி கான் அப்துல் கஃபார் கானைப் பற்றிப் பேசியபோது, அவருடைய அண்ணனை ஒரே வாக்கியத்தில் கடந்துவிட்டேன். பிறகு யோசித்துப் பார்த்தால் அது எனக்கே உறுத்தலாக இருந்தது. ஆகவே இன்றைய பேச்சு முழுக்க அந்த அண்ணனைப் பற்றியதுதான். அவருக்குப் பெற்றோர் இட்ட பெயர் அப்துல் ஜப்பார் கான். மாகாணப் பிரதமர், மத்திய அமைச்சர், மேற்குப் பாகிஸ்தானின் முதலமைச்சர் என்று எத்தனையோ பதவிகளில் இருந்த பிறகும், ஊரும் உலகமும் கடைசிவரை அவரை ‘டாக்டர் கான் சாகிப்’ என்றே அழைத்தன.

எனக்குப் பின்னால் இருக்கும் வரைபடத்தைப் பாருங்கள். இது பெஷாவர், அதற்கு வடகிழக்கே சார்சத்தா, அதை ஒட்டி உத்மான்சாய் என்ற ஊர். அங்கே பெஹ்ராம் கான் என்ற நிலக்கிழாரின் மகனாக 1883-இல் பிறந்தார் நம்முடைய டாக்டர். பாதிரிமார் நடத்தும் பள்ளியில் பிள்ளைகளைச் சேர்க்கக் கூடாது என்று முல்லாக்கள் எதிர்த்தபோதும், தந்தை இரண்டு பையன்களையும் பெஷாவர் மிஷன் பள்ளிக்கே அனுப்பினார். அங்கிருந்து மூத்தவர் பம்பாய் கிராண்ட் மருத்துவக் கல்லூரிக்கும், பின்னர் லண்டன் செயின்ட் தாமஸ் மருத்துவமனைக்கும் சென்றார். லண்டனிலேயே ஒரு பிரிட்டிஷ் பெண்ணை மணந்துகொண்டார். அந்தச் செய்தி ஊருக்கு எட்டியதன் விளைவை அனுபவித்தவர் தம்பி. அவரும் இங்கிலாந்து செல்ல ஆயத்தமாக இருந்த நேரத்தில், ஒரு மகனைச் சீமைக்குப் பறிகொடுத்தது போதும் என்று தாய் மறுத்துவிட்டார். தம்பி ஊரிலேயே தங்கிப் பள்ளிக்கூடங்கள் தொடங்கியதற்கும், பிற்காலத்தில் எல்லை காந்தி ஆனதற்கும் அண்ணனின் கல்யாணம் ஒரு காரணம் என்று நான் விளையாட்டாகச் சொல்வதுண்டு. அது முழுக்க விளையாட்டும் அல்ல.

முதல் உலகப் போரில் பிரான்சில் பணியாற்றிய பிறகு, அவர் இந்திய மருத்துவப் பணியில் அதிகாரியாக மர்தானில் ‘கைட்ஸ்’ படைப்பிரிவுடன் இருந்தார். இராணுவப் பதவி, நிலையான சம்பளம், ஆங்கிலேய அதிகாரிகளின் நட்பு ஆகிய எல்லாம் கைவசம் இருந்த காலம் அது. அப்போது ஆப்கான் எல்லையை ஒட்டிய மலைப்பகுதியான வசீரிஸ்தானுக்குச் செல்லும்படி உத்தரவு வந்தது. அங்கே படைகள் போரிட்டுக் கொண்டிருந்தது பஷ்தூன் பழங்குடிகளுடன், அதாவது அவருடைய சொந்த மக்களுடன். 1921-இல் அவர் பதவியை விட்டு விலகினார். காயம்பட்டவனுக்குக் கட்டுப் போடுவதில் என்ன தவறு என்று நீங்கள் கேட்கலாம். படை மருத்துவர் தேற்றி அனுப்பும் சிப்பாய் மறுபடியும் துப்பாக்கியை எடுத்துக்கொண்டு அதே மலைக்குத்தான் போவான் என்பதை அவர் அறிந்திருக்க மாட்டாரா என்பதே என் பதில். தம்பிக்கு மூன்றாண்டுச் சிறை கிடைத்ததும் அதே ஆண்டில்தான். ஆனாலும் அண்ணன் உடனே அரசியலுக்கு வந்துவிடவில்லை. பெஷாவரில் மருத்துவமனை வைத்து நோயாளிகளைப் பார்த்துவந்தார்.

அவரை அரசியலுக்குள் இழுத்தது 1930 ஏப்ரல் 23. அன்று பெஷாவரின் கிஸ்ஸா கவானி கடைவீதியில், ஆயுதம் ஏந்தாத கூட்டத்தின்மீது துருப்புகள் சுட்டன. கர்வாலி படையினர் சிலர் சுட மறுத்தார்கள் என்பதைச் சென்ற காணொளியிலேயே சொன்னேன். காயம்பட்டவர்களுக்கு மருத்துவம் பார்த்தவர்களில் இவரும் ஒருவர். அதன்பின் தம்பியின் குதாய் கித்மத்கார், அதாவது ‘இறைவனின் ஊழியர்கள்’ என்ற அகிம்சை இயக்கத்தோடு சேர்ந்துகொண்டார்; அந்த இயக்கம் காங்கிரசோடு கைகோத்தது. 1931 டிசம்பரில் சகோதரர்கள் இருவரும் கைதானார்கள். 1934-இல் விடுதலையானபோது சொந்த மாகாணமான வடமேற்கு எல்லைப்புறத்துக்குள் நுழையத் தடை விதிக்கப்பட்டிருந்தது. அந்தத் தடைக்கு நடுவில்தான் அவர் மத்திய சட்டசபைக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார்.

1937 தேர்தலில் எல்லைப்புற மாகாணத்தின் 50 இடங்களில் காங்கிரசுக்குக் கிடைத்தவை 19. முதலில் அமைந்த சாகிப்சாதா அப்துல் கய்யூமின் அமைச்சரவை நம்பிக்கையில்லாத் தீர்மானத்தில் கவிழவே, செப்டம்பரில் டாக்டர் பிரதமரானார். அப்போது மாகாண முதலமைச்சருக்குப் பிரதமர் என்றே பெயர். சென்னையில் ராஜாஜிக்கும் அதே பெயர்தான். இவர் அரசு கைவைத்தது கிராமத்துப் பெரிய கான்களின், அதாவது நிலக்கிழார்களின் செல்வாக்கில்: கௌரவ மாஜிஸ்திரேட் பதவிகள் ஒழிக்கப்பட்டன, ஆங்கிலேயர் அளித்துவந்த இனாம்கள் குறைக்கப்பட்டன. வழக்கு விசாரிக்கும் அதிகாரத்தைப் பரம்பரைச் சொத்துபோல் அனுபவித்தவர்கள் அதைச் சும்மா விடுவார்களா? அவர்களில் பலர் முஸ்லிம் லீகின் பக்கம் சாய்ந்தார்கள். 1939-இல் போர்ப் பிரகடனத்தை எதிர்த்துக் காங்கிரஸ் அமைச்சரவைகள் விலகின. ராஜாஜி அக்டோபர் இறுதியிலும் டாக்டர் நவம்பரிலும் பதவி துறந்தார்கள். 1945 மார்ச்சில் திரும்பவும் பதவிக்கு வந்தார். 1946 தேர்தலில் அவர் கட்சி 50-இல் 30 இடங்களை வென்றது.

இத்தனை வெற்றிக்குப் பிறகு ஒன்றரை ஆண்டில் எல்லாம் எப்படிச் சரிந்தது? மதக் கலவரங்களும் பிரிவினை அரசியலும் முதன்மையான காரணங்கள். அவற்றை நாம் அறிவோம். மௌலானா ஆசாத் தம் நினைவுக் குறிப்புகளில் வேறொரு காரணத்தையும் சொல்கிறார், அது எனக்கு மிகவும் பிடித்த பகுதி. எல்லைப்புறத்திலிருந்து கல்கத்தாவுக்குத் தம்மைப் பார்க்க வந்த சிலருக்கு அவர் தேநீரும் பிஸ்கட்டும் கொடுத்தாராம். அவர்கள் பிஸ்கட்டை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, இதே மாதிரி பிஸ்கட்டை டாக்டர் கான் சாகிப் வீட்டில் கண்ணால் பார்த்திருக்கிறோம், ஆனால் எங்களுக்கு ஒருபோதும் கொடுத்ததில்லை என்றார்களாம். விருந்தோம்பலை மானத்தோடு சேர்த்து வைத்திருக்கும் பஷ்தூன் மக்களிடையே இது சாதாரணக் குறை அல்ல. ஒரு பிஸ்கட் தட்டால் மாகாணமே கைமாறியது என்று நான் சொல்ல மாட்டேன். ஆனாலும் லண்டன் பழக்கத்தில் ஊறிப்போன ஒரு மருத்துவரின் வரவேற்பறை என் கண்முன் வந்துவிடுகிறது.

1947 ஜூலையில் பொதுவாக்கெடுப்பு நடந்தது. இந்தியாவா பாகிஸ்தானா என்ற இரண்டே வாய்ப்புகள். தனிப் பஷ்தூனிஸ்தான் என்ற மூன்றாவது வாய்ப்பு மறுக்கப்பட்டதால் குதாய் கித்மத்கார்கள் புறக்கணித்தார்கள். பாகிஸ்தானுக்கு 2,89,244 வாக்குகள், இந்தியாவுக்கு 2,874. சட்டசபையில் பெரும்பான்மை குலையாமல் இருந்தபோதே, புதிய நாடு பிறந்து எட்டாம் நாள், ஆகஸ்ட் 22 அன்று, ஜின்னாவின் ஆணைப்படி டாக்டரின் அமைச்சரவை நீக்கப்பட்டது. நீக்கிய ஆளுநர் ஜார்ஜ் கன்னிங்ஹாம். 1937-இல் அவரைப் பதவியில் அமர்த்தியவரும் அவரேதான். அதன்பின் சில ஆண்டுகள் தடுப்புக் காவல்.

இதற்குப் பிறகு அவர் எடுத்த முடிவைத்தான் பலர் மன்னிக்கவில்லை. 1954-இல் மத்திய அமைச்சரவையில் போக்குவரத்து, தகவல் தொடர்புத் துறையை ஏற்றார். 1955 அக்டோபரில், மேற்கு மாகாணங்களை எல்லாம் ஒன்றாக இணைத்த ‘ஒரே அலகு’ திட்டத்தால் உருவான மேற்குப் பாகிஸ்தானின் முதல் முதலமைச்சரானார். பஷ்தூன்களின் மாகாணத்தையே இல்லாமல் செய்த திட்டம் அது. தம்பி அதை எதிர்த்துச் சிறை சென்றார். பதவி ஆசை என்று சொல்லிவிடுவது எளிது. என் கணிப்பு வேறு. தம்பியைப் போல ஒரு கொள்கையை நாற்பது ஆண்டுகள் சுமக்கும் இயல்பு அண்ணனுக்கு இல்லை; எதிரே எந்த நோயாளி உட்கார்ந்திருக்கிறானோ அவனுக்கு மருந்து எழுதுகிற இயல்பு அவருடையது. பாகிஸ்தான் ஆட்சியில் செல்வாக்கோடு இருந்த பழைய நண்பர் இஸ்கந்தர் மிர்சா அழைத்தார், கையில் நிர்வாகம் கிடைத்தது, இறங்கிவிட்டார். அந்த முடிவு தவறு என்றே நானும் நினைக்கிறேன்.

1958 மே 9, காலை நேரம். லாகூரில் மகன் வீட்டுத் தோட்டத்தில், ஓர் அரசியல் கூட்டத்துக்குப் போக வேண்டி, உடன் வரவேண்டியவருக்காக அவர் காத்திருந்தார். வேலைநீக்கம் செய்யப்பட்ட ஒரு பட்வாரி அங்கே வந்தான். பட்வாரி என்றால் நம் ஊர்ப் பழைய கர்ணம் போன்ற நிலக்கணக்கர். அவன் கத்தியால் குத்தியதில் டாக்டர் இறந்தார். உடலை உத்மான்சாய்க்குக் கொண்டுவந்து அடக்கம் செய்தார்கள்.

தம்பி அதற்குப் பிறகு முப்பது ஆண்டுகள் வாழ்ந்து, 1988-இல் காலமானார். அவருடைய கல்லறை உத்மான்சாயில் இல்லை; வரைபடத்தில் இதோ இங்கே, எல்லைக் கோட்டுக்கு அந்தப் பக்கம், ஆப்கானிஸ்தானின் ஜலாலாபாத்தில் இருக்கிறது.