பாட்டியின் பட்டுக் காலுறை

வணக்கம், நேயர்களே. இன்று ஆன்ரி அலெகான் என்ற பிரெஞ்சு ஒளிப்பதிவாளரைப் பற்றிப் பேசப்போகிறேன். 1909இல் பாரிஸில் பிறந்து, 2001இல் மறைந்தவர். இவர் படங்களைப் பார்க்கத் தொடங்கிய பிறகுதான் சுவரில் விழும் சாயங்கால வெயிலை நின்று பார்க்கும் பழக்கம் எனக்கு வந்தது.

நல்ல ஒளிப்பதிவாளர் என்றால் தனிப் பாணி இருக்க வேண்டும், ஒரு காட்சியிலேயே ஆள் யாரென்று தெரிந்துவிட வேண்டும் என்பார்கள். அலெகானிடம் அது நடக்காது. 1946ஆம் வருடத்தை மட்டும் பாருங்கள். இவர் ஒளிப்பதிவு செய்த இரண்டு படங்கள் அந்த வருடம் வந்தன.

ஒன்று, ரெனே கிளெமான் இயக்கிய ரயில்வே படம். இரண்டாம் உலகப் போரில், ஜெர்மன் ஆக்கிரமிப்பின்போது பிரெஞ்சு ரயில்வே தொழிலாளர்கள் எதிரியின் ரயில்களை எப்படி முடக்கினார்கள் என்பதுதான் கதை. நிஜத் தொழிலாளர்களே நடித்தார்கள். கரியும் புகையும் தண்டவாளமும் செய்திப்படம் போல அப்படியே திரையில் இருக்கும். அலெகானே போர்க்கைதியாகி, தப்பி வந்தவர். அழகுபடுத்தினால் அந்தக் கதை கெட்டுவிடும் என்று அவருக்குத் தெரியாதா என்ன!

இன்னொன்று ழான் கொக்தோ இயக்கிய 'அழகியும் மிருகமும்'. அப்படியே வேறு உலகம். சுவரிலிருந்து நீளும் மனிதக் கைகள் மெழுகுவர்த்திகளை ஏந்தி நிற்கும். அழகியின் வீட்டுக்கு டச்சு ஓவியர் வெர்மீரின் ஓவியங்களில் வரும் ஜன்னல் வெளிச்சம். மிருகத்தின் மாளிகைக்குப் பிரெஞ்சு ஓவியர் குஸ்தாவ் டோரேயின் சித்திரங்களில் இருக்கும் இருட்டு. போர் முடிந்த புதிது. ஃபிலிம் கிடைக்காது, மின்சாரம் நின்று நின்று வரும். அந்த நிலைமையில் எடுத்த படம் இது என்பதை இப்போது பார்த்தால் நம்பவே முடியாது.

அப்புறம் 1953இல் ஹாலிவுட்டின் 'ரோமன் ஹாலிடே'. ஃபிரான்ஸ் பிளானர் என்ற இன்னொரு ஒளிப்பதிவாளருடன் சேர்ந்து செய்த படம். ஸ்கூட்டர் ஓடும் ரோமாபுரித் தெருக்களில் வெயில் அப்படி மலர்ந்து கிடக்கும். இருவரும் ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்டார்கள்.

எனக்கு மிகவும் நெருக்கமானது, 1987இல் வெளிவந்த, ஜெர்மன் இயக்குநர் விம் வெண்டர்ஸின் பெர்லின் படம், 'விங்ஸ் ஆஃப் டிசையர்'. தேவதூதர்கள் இருவர் நகரத்தின் மேல் உலவி, மனிதர்களின் மனக்குரலைக் கேட்கிறார்கள். அவர்களுக்கு நிறம் தெரியாது. அதனால் அவர்கள் காணும் உலகம் கறுப்பு வெள்ளையில் வரும். அந்தக் கறுப்பு வெள்ளையில் ஒரு மென்மை இருக்கிறது, தூக்கம் கலையாத விடியல் போல. அதற்கு அலெகான் லென்ஸுக்கு முன்னால் வைத்த வடிகட்டி என்ன தெரியுமா? தன் பாட்டியின் பழைய பட்டுக் காலுறை! அப்போது அவருக்கு வயது எண்பதை நெருங்கிக்கொண்டிருந்தது. அத்தனை வருடம் அந்தத் துணியைப் பத்திரமாக வைத்திருந்திருக்கிறார்.

படத்தில் ஒரு சின்ன சர்க்கஸ் வருகிறது. ஊஞ்சலாடும் பெண்ணிடம் தேவதூதன் மனதைப் பறிகொடுப்பது அங்கேதான். வாய்ப்புக் கிடைத்தால் படத்தைப் பாருங்கள். அந்த சர்க்கஸுக்கு வெண்டர்ஸ் வைத்த பெயர் அலெகான்.