இடமிருந்து வலமாக

(ஊடகத் துறை மாணவர்களிடையே பேசியதன் எழுத்து வடிவம்)

எல்லாருக்கும் வணக்கம்.

கூடைப்பந்து வர்ணனை பற்றிப் பேசச் சொன்னார்கள். இதில் என் அனுபவம் மொத்தம் ஒரே ஒரு நாள்தான். கல்லூரியில் படித்தபோது ஒரு மாவட்டப் போட்டிக்கு மைக் பிடித்தேன். அரை மணி நேரம் மூச்சுவிடாமல் பேசிவிட்டு, யாராவது சபாஷ் சொல்லுவார்கள் என்று இறங்கி வந்தேன். வெளியே டீக்கடையில் உட்கார்ந்து குழாய் ஸ்பீக்கரில் கேட்டுக்கொண்டிருந்த பெரியவர் ஒருவர் சொன்னார்: “நல்லாப் பேசுனீங்க தம்பி. யார் ஜெயிக்கிறாங்கன்னு மட்டும் கடைசி வரைக்கும் சொல்லவே இல்லையே?”

அமெரிக்காவில் ரெட் பார்பர் என்று ஒரு பேஸ்பால் வர்ணனையாளர் இருந்தார். மூன்று நிமிட மணற்கடிகாரம் ஒன்றை மேஜையில் வைத்துக்கொள்வார். மணல் தீர்ந்தால் ஸ்கோரைச் சொல்லிவிட்டுத் திருப்பி வைப்பார். அந்தச் சங்கதி அன்றைக்கே எனக்குத் தெரிந்திருந்தால் இன்று இங்கே பேச நிற்காமல் எங்காவது வர்ணனை செய்துகொண்டிருப்பேன்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். நான் சொல்ல வந்தது கேவுட் லெட்ஃபோர்ட் என்பவரைப் பற்றி. கென்டக்கி பல்கலைக்கழகக் கூடைப்பந்து அணியின் ரேடியோ வர்ணனையாளர். 1953 முதல் 1992 வரை, 39 வருடம். நிலக்கரிச் சுரங்கங்கள் நிறைந்த ஹார்லன் கவுண்டியிலிருந்து வந்தவர். ஒரு கல்லூரி அணிக்கா இத்தனை பெரிய ஏற்பாடு என்று நமக்குத் தோன்றும். கென்டக்கி மாநிலத்தில் அந்தக் கல்லூரி அணிதான் ஊர்த் தேர். சுரங்கத்தில் வேலை பார்ப்பவருக்கும் குதிரைப் பண்ணை முதலாளிக்கும் வடம் ஒன்றுதான்.

லெட்ஃபோர்ட் பல வருடம் லூயிவில் நகரத்து டபிள்யூ.எச்.ஏ.எஸ். நிலையத்தில் இருந்தார். 50,000 வாட் ஏ.எம். நிலையம். ஏ.எம். அலைக்கு ஒரு குணம் உண்டு. பகலில் தரையோடு போய் ஓய்ந்துவிடும். இருட்டிய பிறகு மேலே அயனி மண்டலத்தில் பட்டுத் திரும்பி, நூற்றுக்கணக்கான மைல் தள்ளி இறங்கும். ஆட்டங்கள் பெரும்பாலும் ராத்திரியில்தான். பிழைப்புக்காக வேறு மாநிலம் போன கென்டக்கிக்காரர் காரை நிறுத்திவிட்டு, கரகரப்புக்கு நடுவே இவர் குரலைத் தேடிப் பிடிப்பார்.

ஆட்டம் தொடங்கும்போது இவர் சொல்லும் விஷயம் ஒன்று மிகப் பிரபலம். கென்டக்கி அணி உங்கள் ரேடியோவின் முள் ஓடும் கட்டத்தில் இடமிருந்து வலமாக ஆடும் என்பார். கேட்டால் சிரிப்பு வரும். ஆனால் யோசித்துப் பாருங்கள். 94 அடி நீள ஆடுகளத்தைக் கண்ணால் பார்க்காதவர் மனதில் விரித்துப் போட அவருக்கு அந்த ஒரு வாக்கியம் போதுமாக இருந்தது. அதன்பிறகு ‘வலது மூலை’ என்றால் கேட்பவருக்கு அது எங்கே என்று தெரியும். கிரிக்கெட்டில் பந்துக்குப் பந்து இடைவெளி இருக்கிறது. சேப்பாக்கம் டெஸ்டுக்குத் தமிழில் வர்ணனை சொன்னவர்கள் அந்த இடைவெளியில் காற்றையும் வெயிலையும் கூட்டத்தையும் கொண்டுவந்தார்கள். கூடைப்பந்தில் அந்த வசதி கிடையாது. பந்து யார் கையில், களத்தில் எந்த இடத்தில், ஸ்கோர் என்ன, நேரம் எவ்வளவு என்ற நான்கையும் ஓடிக்கொண்டே சொல்ல வேண்டும். உவமை தேடப் போனால் அதற்குள் எதிரணி கூடை போட்டிருக்கும்.

டிவிக்காரருக்கு வேறு பாடு. படம் எல்லாவற்றையும் காட்டிவிடுகிறது. அவர் கற்றுக்கொள்ள வேண்டியது வாயை மூடுவதை. கென்டக்கியில் டிவியைப் போட்டு, சத்தத்தை முழுக்கக் குறைத்துவிட்டு, பக்கத்தில் ரேடியோவில் லெட்ஃபோர்டைக் கேட்பது வீட்டுக்கு வீடு வழக்கமாக இருந்தது. இன்று அதைச் செய்து பாருங்கள், முடியாது. சாட்டிலைட்டும் இணையமும் சுற்றி வருவதற்குள் படம் சில நொடி பின்தங்கிவிடுகிறது. ரேடியோவில் கூடை விழுந்து, டிவியில் பந்து இன்னும் கையிலேயே இருக்கும்.

ஏன் அவர் குரல்தான் வேண்டும் என்றார்கள்? டிவிக்காரர் பொதுவானவர், இவர் நம்மாள் என்பது ஒரு காரணம். ஆனால் நம்மாள் என்பதற்காகக் கூச்சல் போடுபவர்கள் நிறையப் பேர் உண்டு. லெட்ஃபோர்ட் அப்படி இல்லை. கென்டக்கி மோசமாக ஆடினால் மோசமாக ஆடுகிறது என்று சொல்லிவிடுவார். எதிரணிக்காரன் நன்றாகப் போட்டால் நன்றாகப் போட்டான் என்பார். 1978-இல் டியூக் பல்கலைக்கழக அணியை 94-88 என்று வென்று தேசிய சாம்பியன் பட்டம் வாங்கியபோதும் இதே குரல்தான். ஜாக் கிவன்ஸ் தனியாக 41 புள்ளி எடுத்த ஆட்டம் அது.

அவருடைய கடைசிக் கென்டக்கி ஆட்டமும் டியூக்கோடுதான். 1992 மார்ச் 28, பிலடெல்பியா ஸ்பெக்ட்ரம் அரங்கம். 93-93 என்று சமமாகி ஓவர்டைமுக்குப் போனது. ஷான் வுட்ஸ் பலகையில் அடித்துப் போட்ட பந்தால் கென்டக்கி 103-102 என்று முந்தியபோது மிச்சம் இருந்தது 2.1 நொடி. டியூக்கின் கிராண்ட் ஹில் தன் பக்க எல்லைக்கோட்டில் நின்றார். கென்டக்கி பயிற்சியாளர் ரிக் பிட்டினோ அவர் முன்னால் மறிக்க ஆள் நிறுத்தவில்லை. ஹில் பந்தை நேராக எதிர்முனைக்கு வீசினார். ஃப்ரீ த்ரோ, அதாவது யாரும் மறிக்காமல் எறியும் தண்டனை எறிதலுக்கான கோட்டருகே கிறிஸ்டியன் லேட்னர் கூடைக்கு முதுகு காட்டிப் பிடித்தார், ஒருமுறை தட்டினார், திரும்பினார், விட்டார். நேரம் முடிந்தது, பந்து விழுந்தது. 104-103. அந்த ஆட்டத்தில் லேட்னர் களத்திலிருந்து எறிந்த பத்தும், ஃப்ரீ த்ரோ பத்தும் ஒன்றுகூடத் தவறவில்லை.

டிவியில் வெர்ன் லண்ட்க்விஸ்ட் ஒரு ‘யெஸ்’ போட்டார். மேலே பேச வேண்டிய அவசியமே இல்லை. படத்தில் ஒரு பக்கம் துள்ளல், இன்னொரு பக்கம் தரையில் விழுந்து கிடக்கும் வீரர்கள். ரேடியோக்காரர் மௌனமாக இருக்க முடியுமா? கென்டக்கியில் ரேடியோவுக்கு முன்னால் உட்கார்ந்தவர்களுக்கு அந்த மௌனம் கம்பி அறுந்ததுபோல் இருக்கும். 39 வருடம் முடிகிற நொடியில், தன் அணி தோற்றதைத் தன் வாயாலேயே, விழுந்தது விழுந்தபடி சொல்ல வேண்டிய வேலை அவருடையது. சொன்னார். எனக்கு அந்த 2.1 நொடியைவிட அதற்கடுத்த அரை நிமிடம்தான் பெரிதாகத் தெரிகிறது.

அப்புறம் ஒன்று நடந்தது. டியூக் பயிற்சியாளர் மைக் ஷஷெவ்ஸ்கி. அந்தப் பெயரை ஆங்கில எழுத்துக் கூட்டிப் படித்தால் நாக்கு சுளுக்கிக்கொள்ளும். அதனால் ‘கோச் கே’ என்றே கூப்பிடுவார்கள். தன் பிள்ளைகள் ஜெயித்த கையோடு அவர் கென்டக்கியின் ரேடியோ மேஜைக்குப் போனார். லெட்ஃபோர்டுக்குக் கடைசி ஆட்டம் என்று அவருக்குத் தெரியும். எதிரணியின் மைக்கில் நின்று அவரைப் பாராட்டி, கென்டக்கி ஆட்டக்காரர்கள் எவ்வளவு நன்றாக ஆடினார்கள் என்று அந்த ஊர்க்காரர்களிடமே பேசினார்.

லெட்ஃபோர்ட் 2001 செப்டம்பரில் காலமானார். லெக்சிங்டனில் கென்டக்கி அணி ஆடும் ரப் அரங்கத்தின் ஆடுகளத்துக்கு இப்போது அவர் பெயர். உத்தரத்தில் வீரர்களின் எண்கள் தொங்கும் வரிசையில், எண் இல்லாமல் மைக் படம் போட்ட ஒரு பதாகை தொங்குகிறது. அதற்குக் கீழேதான் இன்றைக்கும் யாரோ ஒருவர் மைக் முன்னால் உட்கார்ந்து, எந்தப் பக்கமிருந்து எந்தப் பக்கம் என்று முதலில் சொல்லிவிட்டு ஆரம்பிக்கிறார்.