அமுதம் குடிச்சவனுக்குத்தான் தலை போச்சு! பாற்கடலில வந்த ஆபத்தான பொருள் எது?

[காட்சி: திருகோணமலை, சுவாமி மலை உச்சி. கீழே கடல். காற்றுச் சத்தம்.]

வணக்கம் உறவுகளே! நஞ்சைக் குடிச்சவர் இண்டைக்கும் எங்கட கோணேசர் மலையில கோயில் கொண்டிருக்கிறார். அமுதத்தைக் குடிச்ச ஒருத்தன் உடம்பில்லாம, வெறும் தலையா வானத்தில அலையிறான். ரெண்டும் ஒரே கடலைக் கடையேக்க வந்த பொருள்தான். அப்ப எது ஆபத்து? இடையில ஒரு சின்னப் பரிசோதனை இருக்கு, உங்கட கழுத்திலயே செய்யலாம். பாதியில போயிடாதேங்கோ.

முன்கதை எல்லாருக்கும் தெரியும், ஓடி முடிச்சிடுறன். மந்தர மலை மத்து, வாசுகிப் பாம்பு கயிறு, அடியில திருமால் ஆமையா முதுகு குடுத்தார். முதல்ல ஆலகால நஞ்சு, கடைசியா தன்வந்திரி கையில அமுத கலசம்.

அமுதம் செய்யிற வேலை ஒண்டுதான்: குடிச்ச உடம்புக்குக் காலத்தை நிப்பாட்டும். நரை இல்லை, திரை இல்லை, மூப்பு இல்லை, சாக்காடு இல்லை. சுத்தியிருக்கிற உலகத்துக்குக் காலம் ஓடும், அந்த உடம்புக்கு மட்டும் ஓடாது. எமனுக்கு எங்கட ஆக்கள் வைச்ச பேரே காலன்தானே. காலனிட்ட இருந்து தப்புறது எண்டா காலத்திட்ட இருந்து தப்புறது.

[காட்சி: கரைவலை இழுக்கிற ஆக்கள். விடியப்புறம்.]

இதைப் பாருங்கோ. நிலாவெளிப் பக்கம் கரைவலை இழுக்கிறதைக் கிட்ட நிண்டு பார்த்திருக்கிறியளோ? ரெண்டு பக்கமும் ஆக்கள் வரிசையா நிண்டு, குதிக்கால் மண்ணுக்குள்ள புதைய, உடம்பைப் பின்னுக்குச் சாய்ச்சு இழுப்பினம். ஒருத்தர் அம்பாப் பாட்டு எடுத்துக் குடுக்க, மற்றவை பின்பாட்டு. நனைஞ்ச கயிறு உள்ளங்கையில உரஞ்சி உரஞ்சி, தோல் சிவந்து தடிச்சுப் போயிருக்கும். மீன் நிறைஞ்ச வலை மடி கரைக்கு வந்ததும் என்ன நடக்கும்? பங்கு! வலைக்குச் சொந்தக்காரர் சம்மாட்டிக்கு இவ்வளவு, இழுத்தவைக்கு இவ்வளவு. இந்தப் பக்கம் இழுத்தவனுக்கு மீன், அந்தப் பக்கம் இழுத்தவனுக்கு ஒண்டுமில்லை எண்டு எந்தச் சம்மாட்டியாவது சொல்லிட்டு வீடு போய்ச் சேருவாரோ?

பாற்கடலில நடந்தது அதுதான். அசுரர் பிடிச்சது பாம்பின்ர தலைப்பக்கம். வாசுகி மூச்சு விட விட, நெருப்பும் புகையும் அவையின்ர முகத்திலதான் அடிச்சது. வால் பக்கம் நிண்ட தேவருக்கு அந்தச் சூடு இல்லை. அமுதம் வந்ததும் மோகினி பந்தி வைச்சு, தேவர் வரிசைக்கு மட்டும் பரிமாறினா. அசுரர் சாகாவரம் பெற்றால் உலகம் தாங்காது எண்டு புராணம் காரணம் சொல்லுது, அது எனக்கும் விளங்குது. ஆனா கரைவலை பார்த்து வளர்ந்தவனுக்கு இந்த இடம் நெஞ்சில குத்தும். இழுத்தவனுக்குப் பங்கு வேணும். நான் அந்தப் பக்கம்தான்.

அந்தப் பங்கைக் கேக்காமலே எடுக்கப் போனவன் சுவர்பானு எண்ட அசுரன். தேவர் வேசம் போட்டு, சூரியனுக்கும் சந்திரனுக்கும் நடுவில பந்தியில குந்திட்டான். வாயில அமுதம் விழுந்தது. பக்கத்தில இருந்த ரெண்டு பேரும் காட்டிக் குடுத்தினம். சக்கரம் வந்தது, கழுத்து போச்சு. ஆனா அமுதம் அதுக்குள்ள தொண்டை வரைக்கும் இறங்கிட்டுது! தலை சாகேலாது. அதுதான் ராகு. உடல் கேதுவாச்சு.

[காட்சி: கழுத்து, கிட்டத்தில்.]

இப்ப பரிசோதனை. தொண்டை மணியில ரெண்டு விரலை வைச்சு, எச்சிலை ஒருக்கா விழுங்குங்கோ. மேல எழும்பிக் கீழ இறங்கினது தெரிஞ்சுதோ? வாயில இருக்கிற வரைக்கும் விழுங்குறதும் துப்புறதும் உங்கட விருப்பம். தொண்டைக்குள்ள இறங்கிட்டா, மிச்சத்தை உடம்பு தானாச் செய்யும். குரல்வளை மேல வரும், மூச்சுக்குழாய் மூடுப்படும், ஒரு விநாடி அளவில வேலை முடிஞ்சிடும். பிறகு நினைச்சாலும் நிப்பாட்டேலாது.

நஞ்சும் அந்த இடத்திலதான் நிண்டது! சிவபெருமான் குடிக்க, பார்வதி அம்மா கழுத்தைப் பிடிச்சா. உள்ள போனால் ஆபத்து, வெளிய வந்தாலும் ஆபத்து. தொண்டையிலயே தங்கி நீலகண்டம் ஆச்சு. அமுதமும் தொண்டை தாண்டேல்லை, நஞ்சும் தொண்டை தாண்டேல்லை. ஒருத்தருக்குக் கழுத்தைப் பிடிக்க ஒரு கை இருந்தது, மற்றவனுக்கு வந்தது சக்கரம். இதை முதன்முதலா யோசிச்ச அண்டைக்கு இரவு எனக்கு நித்திரை வரேல்லை.

ராகுவின்ர நிலையை யோசிச்சுப் பாருங்கோ. பசிக்கும், வயிறு இல்லை. கோபத்தில சூரியனையும் சந்திரனையும் விழுங்குவான், அறுந்த கழுத்தால வெளிய வந்திடும். அதுதான் கிரகணம் எண்டு கதை. கணக்கு என்ன சொல்லுது தெரியுமோ? முழுச் சூரிய கிரகணத்தில சூரியன் முழுசா மறைஞ்சிருக்கிறது எவ்வளவு கூடினாலும் ஏழரை நிமிசம். ஏழரை! சந்திரன் எண்டால் 1 மணி 47 நிமிசம் வரைக்கும் போகும். வானியலில ராகு கேது எண்டுறது, சந்திரன்ர பாதை சூரியன்ர பாதையை வெட்டுற ரெண்டு புள்ளி. அந்தப் புள்ளியள் ஒரு சுற்றுச் சுத்தி வர 18.6 வருசம்.

இன்னொண்டு. ஒவ்வொரு நாளும் ஒண்டரை மணித்தியாலம் ராகு காலம் எண்டு நாட்காட்டியில இருக்கே. அமுதத்தில அவனுக்குப் பங்கு குடுக்கேல்லை. எங்கட பகல் பொழுதில எட்டில ஒரு பங்கை அவன்ர பேருக்கு எழுதி வைச்சிருக்கிறம்.

[காட்சி: கோட்டை வீதி, மான்கள்.]

2019 டிசம்பர் 26, வியாழக்கிழமை காலமை, வளைய சூரிய கிரகணம் எங்கட பக்கத்தால போச்சு. வெயில் இருந்தது, ஆனா மஞ்சள் குறைஞ்ச ஒரு வெயில். அம்மம்மா தண்ணிக் குடத்தில தர்ப்பை போட்டு, அடுப்பு மூட்டாம, வாசலுக்கும் வராம இருந்தா. கிரகணம் விட்டதும் தலை முழுகிட்டு வந்து, பழைய தண்ணியை வாழையடியில ஊத்திட்டு, கிணத்தில புதுசா அள்ளி எனக்கு ஒரு செம்பு தந்தா. "ஆறுதலாக் குடி ராசா" எண்டா.

உங்கட வீட்டில தர்ப்பையோ, துளசியோ? ஊர்ப் பேரோட கமெண்டில எழுதுங்கோ. சுவர்பானுவுக்குப் பங்கு குடுத்திருக்க வேணுமோ இல்லையோ எண்டதையும் சேர்த்து எழுதுங்கோ, ஒவ்வொண்டாய் வாசிக்கிறன்.