பிரிக்காத கடிதங்கள்

நண்பர்களே, விளையாட்டுச் செய்தி எழுதப் பழகிக்கொண்டிருக்கும் உங்களிடம், அந்த வேலையை விட்டுப் போனவர்களைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன். பேனாவை வைத்துவிட்டு ரக்பி வீரர்களுக்கு ஏஜென்ட், அதாவது அவர்கள் சார்பில் ஒப்பந்தம் பேசுகிறவர், ஆகப் போகிறவர்களைப் பற்றி. ரக்பிக்குப் போவதற்கு முன்னால் ஒரு சூட்கேஸைத் திறந்து காட்டிவிடுகிறேன். அது ஒரு கிரிக்கெட் வீரருடையது.

1948-49இல் இங்கிலாந்து அணி தென்னாப்பிரிக்காவில் சுற்றுப்பயணம் செய்தது. டெனிஸ் காம்ப்டன் அன்றைய பெரிய நட்சத்திரம். கூடவே போன நிருபர்களில் ஒருவர் ரெக் ஹெய்ட்டர். காம்ப்டனிடம் ஒரு சூட்கேஸ் நிறையக் கடிதங்கள் கிடந்தன. பலவற்றை அவர் பிரித்தே பார்த்ததில்லை. அந்தக் குவியலில் 'நியூஸ் ஆஃப் தி வேர்ல்ட்' பத்திரிகையிலிருந்து ஒரு கடிதம்: எங்களுக்குப் பத்தி எழுதுங்கள், ஆண்டுக்கு 2,000 பவுண்டு தருகிறோம். அதே குவியலில், சில மாதம் கழித்து அதே பத்திரிகை எழுதிய இன்னொரு கடிதம்: உங்களிடமிருந்து பதிலே இல்லை, எனவே அழைப்பைத் திரும்பப் பெறுகிறோம். இரண்டுமே உறை பிரிக்காமல் கிடந்தன.

நிருபருக்கு இது அல்வா மாதிரி ஒரு துணுக்கு. ஹெய்ட்டர் செய்தது வேறு. தன் நண்பர் பேகனல் ஹார்வியிடம் காம்ப்டனை அறிமுகம் செய்துவைத்தார். அப்புறம் பிரில்கிரீம் என்ற தலைமுடிக் கிரீமின் விளம்பரங்களில் காம்ப்டனின் தலைமுடி பளபளத்தது என்றால், அதற்கு ஹார்வி போட்ட ஒப்பந்தம்தான் காரணம். பிரிட்டனில் விளையாட்டு ஏஜென்ட் என்ற தொழில் வேர்விட்டது அந்தச் சூட்கேஸில்தான் என்பது என் எண்ணம். ஹெய்ட்டர் 1955இல் சொந்தமாகச் செய்தி நிறுவனம் தொடங்கினார். கிரிக்கெட் வீரர்கள் பேசில் டி'ஒலிவேரா, பின்னாளில் இயன் போத்தம் ஆகியோரின் காரியங்களையும் கவனித்துக்கொண்டார்.

சரி, ரக்பிக்கு வருவோம். அந்தக் காலத்தில் ரக்பி யூனியன் வீரர் காசைத் தொடவே கூடாது. பழைய சண்டை இது. ஆட வருவதற்காகச் சுரங்கத்திலும் ஆலையிலும் ஒரு நாள் கூலியை இழக்கும் தொழிலாளிக்கு அதை ஈடுகட்டலாமா கூடாதா என்ற தகராறில்தான், 1895இல் வட இங்கிலாந்து கிளப்புகள் ஹட்டர்ஸ்ஃபீல்டின் ஜார்ஜ் ஹோட்டலில் கூடி, தனியாகப் பிரிந்து போயின. அதுதான் பின்னால் ரக்பி லீக் ஆனது. யூனியன் பக்கம் இன்னும் நூறு வருஷம் பிடிவாதம் தொடர்ந்தது. 1980இல் இங்கிலாந்துக்கு கிராண்ட் ஸ்லாம், அதாவது ஐந்து நாடுகள் போட்டியின் எல்லா ஆட்டங்களிலும் வெற்றி, பெற்றுக் கொடுத்த கேப்டன் பில் போமான்ட், 1982இல் ஓய்வு பெற்று சுயசரிதை எழுதி அதற்கு ராயல்டி வாங்கினார். ஆட்டத்தை முடித்துவிட்ட மனிதர், தன் கதையைத் தானே எழுதிச் சம்பாதித்த காசு. அதற்காகவே அவரைத் 'தொழில்முறையாளர்' என்று முத்திரை குத்தி ஒதுக்கி வைத்தார்கள். எழுத்தை நம்பிப் பிழைக்கிறவன் என்ற முறையில் இதைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு ஆத்திரம் வருகிறது. அதே போமான்ட் 2016இல் உலக ரக்பி அமைப்பின் தலைவரானார்.

1995இல் அணை உடைந்தது. ஜூன் மாதம் தென்னாப்பிரிக்கா, நியூசிலாந்து, ஆஸ்திரேலியா மூன்று நாட்டுச் சங்கங்களும் ஊடக முதலாளி ரூபர்ட் மர்டாக்கின் நியூஸ் கார்ப்பரேஷனோடு பத்தாண்டுக்கு 55 கோடி அமெரிக்க டாலருக்கு ஒளிபரப்பு ஒப்பந்தம் போட்டன. இன்னொரு பக்கம், ஆஸ்திரேலிய ஊடக முதலாளி கெர்ரி பேக்கரின் ஆதரவோடு ஓர் எதிர் அமைப்பு வீரர்களிடம் ரகசியமாகக் கையெழுத்து வாங்கிக்கொண்டிருந்தது. ஆகஸ்ட் கடைசியில் பாரிஸில் சர்வதேச ரக்பி வாரியத்தின் வெர்னன் பியூ அறிவித்தார்: இனி ரக்பி எல்லோருக்கும் திறந்த ஆட்டம், சம்பளம் வாங்கலாம். நேற்றுவரை போலீஸ்காரராகவும் ஆசிரியராகவும் விவசாயியாகவும் இருந்துகொண்டு மாலையில் பயிற்சிக்கு வந்தவர்களின் கையில் திடீரென்று ஒப்பந்தத் தாள். தன் விலை என்ன என்று வீரருக்கும் தெரியாது, கிளப்புக்கும் தெரியாது.

நிருபருக்கு ஓரளவு தெரியும். எந்தப் பயிற்சியாளருக்கும் எந்த வீரருக்கும் பேச்சுவார்த்தை இல்லை, யாருடைய முழங்கால் வெளியே சொல்வதைவிட மோசமாக இருக்கிறது, எந்தக் கிளப்பின் டைட்ஹெட் ப்ராப்புக்கு வயதாகிறது என்பதெல்லாம் அவர் குறிப்பேட்டில் இருக்கும். டைட்ஹெட் ப்ராப் என்றால், இரு அணியின் முன்வரிசை ஆட்களும் தோளோடு தோள் பூட்டி முட்டித் தள்ளும் ஸ்க்ரம்மில் வலது முனையில் முட்டுக்கொடுப்பவர். நல்ல ஆள் கிடைப்பது குதிரைக்கொம்பு, அதனால் சம்பளமும் அதிகம். தோற்ற அணியின் அறை வாசலில் காத்து நின்று பேச வைக்கும் பொறுமையும் நிருபருக்குப் பழக்கம். நம் வேலையிலிருந்து அந்த வேலைக்கு ஒரு கதவு இருக்கிறது என்றால், அது இந்தக் குறிப்பேட்டின் வழியாகத்தான்.

ஆனால் அந்தக் கதவுக்கு ஒரு விலை உண்டு. டி'ஒலிவேரா தென்னாப்பிரிக்காவில் பிறந்த, வெள்ளையரல்லாத வீரர்; இங்கிலாந்துக்காக ஆடியவர். 1968 ஆகஸ்டில் அவரிடம் ஒரு புகையிலை நிறுவன அதிகாரி வந்தார். தென்னாப்பிரிக்காவில் பயிற்சியாளர் வேலை, ஆண்டுக்கு 4,000 பவுண்டு, வீடு, கார். நிபந்தனை ஒன்றே ஒன்று: இங்கிலாந்து அணித் தேர்வுக்கு முன்பே 'நான் தென்னாப்பிரிக்கச் சுற்றுப்பயணத்துக்கு வரவில்லை' என்று அவர் சொல்லிவிட வேண்டும். வெள்ளையர் மட்டுமே உள்ள அணியைத்தான் ஏற்கும் தென்னாப்பிரிக்க அரசுக்கு அது பெரிய வசதி. டி'ஒலிவேரா ஆலோசனை கேட்டது ஹெய்ட்டரிடம். முதல் பக்கச் செய்தி ஒன்று தன் மடியிலேயே வந்து விழுந்திருக்கிறது, அவரோ செய்தி நிறுவனம் நடத்துகிறவர். விஷயம் பத்திரிகைகளில் வெடித்தது 1969இல்தான்.

அதுவரை ஹெய்ட்டர் வாய் திறக்காததை நான் மதிக்கிறேன். ஆனால் இரண்டு நாற்காலியிலும் ஒரே ஆள் உட்காருவதை என்னால் ஏற்க முடியவில்லை. நிருபராக இருக்கும்வரை நீங்கள் வாசகருக்குக் கடன்பட்டவர், ஏஜென்ட் ஆனபின் அந்த வீரருக்கு. போவதென்றால் நிருபர் அடையாள அட்டையைத் திருப்பிக் கொடுத்துவிட்டுப் போங்கள். சட்டமும் படிக்க வேண்டியிருக்கும். பிரான்சில் இதற்கென்று தேர்வு எழுதி உரிமம் வாங்க வேண்டும், கமிஷன் 10 சதவீதத்தைத் தாண்டக் கூடாது. காயத்தால் இத்தனை வாரம் ஆட முடியாமல் போனால் சம்பளம் என்ன ஆகும், நாட்டுக்காக ஆடப் போனால் கிளப் விடுமா, அணி கீழ்ப்பிரிவுக்கு இறங்கினால் ஒப்பந்தம் நிற்குமா என்று வரிவரியாகப் படிக்கிற வேலை இது. பேட்டி எடுப்பதைவிட இதில்தான் நேரம் போகும்.

இந்த வேலை எதற்கு என்று கேட்டால், நான் 2022 அக்டோபர் 5ஐச் சொல்வேன். இங்கிலாந்தின் வூஸ்டர் வாரியர்ஸ் ரக்பி கிளப் கடனில் மூழ்கியிருந்தது. வீரர்களின் ஒப்பந்தங்களை வைத்திருந்த நிறுவனத்தைக் கலைக்க லண்டன் நீதிமன்றம் உத்தரவிட்டது. அந்த நிமிடமே அத்தனை வீரர்களின் ஒப்பந்தமும் முடிந்தது. சீசன் ஏற்கெனவே தொடங்கிவிட்டது, மற்ற கிளப்புகள் சம்பள உச்சவரம்புக்குள் தங்கள் பணத்தை ஏற்கெனவே செலவழித்துவிட்டன. இரண்டு வாரத்துக்குள் வாஸ்ப்ஸ் கிளப்பும் விழுந்தது. அங்கே வீரர்களும் ஊழியர்களுமாக 167 பேருக்கு வேலை போனது. அந்த வாரங்களில் ஏஜென்டுகள் பேசியது பெரிய தொகைகளைப் பற்றி இல்லை. மூன்று மாதத்துக்காவது இவரை எடுத்துக்கொள்ளுங்கள், வீட்டு வாடகை கட்ட வேண்டும் என்கிற பேச்சு.

வூஸ்டரின் டெட் ஹில்லும் ஆலி லாரன்ஸும் பாத் கிளப்புக்குப் போனார்கள். 2025இல் பாத், 29 வருஷத்துக்குப் பிறகு லீக் பட்டத்தை வென்றது. நாளிதழ்கள் எழுதியது அவர்களைப் பற்றி. அவர்களோடு அதே நாளில் வேலை இழந்து, கீழ்ப்பிரிவுக்குப் போனவர்களும் ஆட்டத்தையே விட்டவர்களும் இருக்கிறார்கள். அவர்களில் ஒருவரையாவது தேடிப்பிடித்து, அக்டோபர் 5 இரவு யார் யார் போன் செய்தார்கள் என்று கேட்டு எழுதுங்கள்.