எலி வளையானாலும் தனி வளை

தலைவர் அவர்களுக்கும், வாடகை வாங்காமல் அரங்கைத் தந்த நூலகர் அம்மாவுக்கும், பேத்தி காதுகுத்துக்கு நடுவிலும் வந்திருக்கிற மாமன்ற உறுப்பினர் அவர்களுக்கும், ஷிப்ட் முடிந்து நேராக வந்த பனியன் கம்பெனித் தோழர்களுக்கும் வணக்கமுங்க. பொன்னாடை வேண்டாம், வீடில்லாமல் தெருவில் படுக்கிறவர்களுக்குப் போர்வை கொடுங்கள் என்று கேட்டிருந்தேன். நான்கு வந்திருக்கிறது, ரொம்ப நன்றி.

1914-லேயே சாமிக்கண்ணு வின்சென்ட் கோவையில் வெரைட்டி ஹால் கட்டி ஊமைப்படம் காட்டிய மண் இது. இப்போது நாம் பார்த்த சாப்ளினின் ‘சிட்டி லைட்ஸ்’ 1931-ல் வந்தது, பேசும் படங்கள் வந்த பிறகும் பேசாமலே எடுத்தார். இதில் இரண்டு விஷயம் சொல்ல வேண்டும்: அந்தச் சிலை, அந்தப் பணக்காரர்.

சிலையை எடுத்துக்கொள்வோம். அமைதிக்கும் வளத்துக்கும் சிலை வைத்து, பெரிய மனிதர்கள் பேசி முடித்துத் துணியை விலக்கினால், மடியில் ஒருத்தன் தூங்குகிறான், வீடில்லாத நாடோடியாக வரும் சாப்ளின். இறங்கு இறங்கு என்று எல்லோரும் கத்துகிறார்களே தவிர, எங்கே போய்ப் படுப்பாய் என்று ஒருத்தரும் கேட்கவில்லை. எலி வளையானாலும் தனி வளை வேண்டும் என்பார் எங்கள் அமுச்சி, அம்மாவைப் பெற்றவர்.

எனக்குப் பத்தொன்பது வயது. வேலை தேடித் திருப்பூர் வந்தேன், கடைசி பஸ் போய்விட்டது. பஸ் ஸ்டாண்ட் பக்கம் ஒரு கடைத் திண்ணையில் பேப்பரை விரித்தேன். அங்கே சாக்கைப் போர்த்திப் படுத்திருந்த ஒரு பெரியவர் தலையைத் தூக்கி, “கண்ணு, அங்க படுக்காத, நாலு மணிக்குத் தண்ணி ஊத்துவாங்க, இப்புடி வா” என்றார். நான் போகவில்லை. அவர் அழுக்காக இருந்தார், நான் இஸ்திரி போட்ட சட்டை போட்டிருந்தேன். சரியாக நாலு மணிக்கு ஒரு வாளித் தண்ணீர், சர்டிபிகேட் பையோடு நனைந்தேன். அந்தப் பெரியவர்தான் தன் சாக்கை உதறி, காய்ந்த பக்கமாகப் பார்த்து என் தோளில் போட்டார், அப்புறம் விடியும்வரை குத்தவைத்தே உட்கார்ந்திருந்தார். அவர் பேரைக்கூட நான் கேட்கவில்லை, அது இன்றைக்கும் உறுத்துகிறது.

படத்தில் வருகிற அந்தப் பணக்காரரும் என்னைப் போலத்தான், குடித்தால் சாப்ளினைக் கட்டிப்பிடிப்பார், தெளிந்தால் யார் நீ என்பார்.

நகரங்களில் மக்கள்தொகையில் லட்சம் பேருக்கு ஒன்று வீதம் வீடில்லாதவர்களுக்குத் தங்குமிடம், அதுவும் 24 மணி நேரமும் திறந்திருக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2010-லேயே சொல்லிவிட்டது. எலி வளையானாலும் தனி வளை, அதுவரைக்கும் பொது வளையாவது வேண்டுமுங்க. பஸ் ஸ்டாண்டிலிருந்து நடந்து போகிற தூரத்தில், பெண்களுக்குத் தனி அறையோடு. மனு வாசல் மேஜையில் இருக்கிறது, பேனாவும் கட்டி வைத்திருக்கிறேன். மாமன்ற உறுப்பினர் ஐயா முதல் கையெழுத்தைப் போட்டுத் தர வேண்டும்.