குரலைக் குடிக்கும் மணல்

வணக்கம் நேயர்களே. உலகத்தில் எங்கேயுமே இல்லாத ஒரு கனிமத்தைப் பற்றிக் கதைக்கத்தான் என்னைக் கூப்பிட்டிருக்கிறார்கள். நான் பிள்ளைகளுக்காக எழுதிவரும் மாயக்கதையில் குரல்மணல் என்று ஒன்று வருகிறது, அதை வாசித்தவர்கள் யாரோ நிலையத்தில் சொல்லியிருக்க வேண்டும்.

குரல்மணல் கறுப்பு, சீனியைவிடப் பொடி. ஒரு பிடி அள்ளி வாய்க்குக் கிட்ட வைத்து ஏதாவது சொன்னால் அதைக் குடித்துவிடும். பிறகு எப்போதாவது வெந்நீரில் போட்டால் அதே குரல், அதே இழுவை, இடையில் விட்ட மூச்சு உட்பட வெளியே வரும். ஒரே ஒரு தடவைதான். அதோடு, சொன்னவருக்கு அந்தச் சொல் அப்போதே மறந்துபோகும். தூர தேசம் போகிற மகனுக்கு அவன் பெயரை மணலில் கூப்பிட்டுக் கொடுத்துவிடுகிற ஒரு தாய் கதையில் வருகிறாள். மகன் அந்த முடிச்சை இடுப்பில் கட்டிக்கொண்டு கப்பல் ஏறிவிடுகிறான், இவள் கரையில் நின்று கூப்பிடப் பார்க்கிறாள், வாயில் பெயர் வரவில்லை.

ஏன் இப்படிக் கொடுமைப்படுத்துகிறீர்கள் என்று சில பெற்றோர் கேட்டார்கள். கேட்டதையெல்லாம் தருகிற சிந்தாமணியை வைத்துக்கொண்டு என்ன கதை எழுதுவது, சொல்லுங்கள்? முதல் பக்கத்திலேயே எல்லாம் கிடைத்துவிடுமே. நம்முடைய பழைய கற்களில் எனக்குப் பிடித்தவை கொஞ்சம் கஞ்சத்தனம் உள்ளவை. சந்திரகாந்தக் கல் நிலவு பட்டால்தான் நீர் கசியும். நாகம் மணியைக் கக்கி வைத்துவிட்டு அந்த வெளிச்சத்தில் இரை தேடும், மணி பறிபோனால் பாம்பு செத்துப்போகும் என்பார்கள். சியமந்தக மணி நாள்தோறும் பொன் கொடுத்தது, ஆனால் அதைக் கழுத்தில் போட்டுக்கொண்டு வேட்டைக்குப் போன பிரசேனனைச் சிங்கம் அடித்துப்போட்டது, கண்ணன் மேல் திருட்டுப் பழி வந்தது. அங்கேதானே கதையே சூடுபிடிக்கிறது!

சரி, மணல் எங்கிருந்து வந்தது என்று கேட்டால், புல்மோட்டையிலிருந்துதான். திருகோணமலையிலிருந்து நிலாவெளி, குச்சவெளி தாண்டி வடக்கே போனால் கடற்கரை கறுத்துக் கிடக்கும், பார்த்திருப்பீர்கள். அதில் பெரும்பகுதி இல்மனைற், இரும்பும் டைட்டானியமும் ஒட்சிசனும் சேர்ந்தது. வடகீழ்ப் பருவக்காற்றுக் காலத்தில் கடல் மறுபடி மறுபடி கொண்டுவந்து கொட்டும். ஆலையில் சக்திவாய்ந்த காந்தத்தால் இழுத்தால் இல்மனைற் தனியே வந்துவிடும், அதே மணலில் கலந்திருக்கும் ரூட்டைல், சிர்க்கோன் என்ற மற்றக் கனிமங்கள் இழுபடாமல் நிற்கும். இதில் எனக்கு இன்னும் வியப்பு அடங்காத விஷயம், அந்தக் கறுப்பு மணலிலிருந்துதான் சுவருக்கு அடிக்கிற பெயின்றை வெள்ளையாக்கும் டைட்டானியம் டையொக்சைட்டை எடுக்கிறார்கள். மந்திரவாதி செய்தால் கைதட்டுவோம், தொழிற்சாலை செய்தால் திரும்பியும் பார்க்கமாட்டோம்.

அப்புறம் அந்த 'ஒரே ஒரு தடவை' என்ற விதி. அதுவும் என் மூளையில் உதித்ததல்ல, திருடியதுதான். குவார்ட்ஸ், சிர்க்கோன் போன்ற கனிமங்கள் சுற்றியுள்ள இயற்கைக் கதிர்வீச்சின் சக்தியில் கொஞ்சத்தை ஆயிரக்கணக்கான வருடங்கள் உள்ளே பிடித்து வைத்திருக்கும். நன்றாகச் சூடாக்கினால் சேர்த்து வைத்ததை மங்கிய ஒளியாக விட்டுவிடும். மறுபடி சூடாக்கிப் பார்த்தால் அந்த ஒளி வராது, திரும்பச் சேர்க்க வேண்டும். பழைய மட்பாண்டம் எப்போது சுடப்பட்டது என்று தொல்லியலாளர்கள் இதை வைத்துத்தான் கணிக்கிறார்கள். ஒளி இருந்த இடத்தில் நான் குரலை வைத்தேன், அவ்வளவுதான் என் வேலை.

வெந்நீருக்கு நான் தூரம் போகவில்லை, திருகோணமலைக்குக் கிட்ட கன்னியா வெந்நீரூற்று இருக்கிறதே. ஏழு கிணறு, ஒவ்வொன்றிலும் ஒவ்வொரு சூடு. தாய்க்கு ஈமக்கடன் செய்ய இராவணன் வாளால் குத்தியதால் வந்த ஊற்றுகள் என்று நம் ஊரில் சொல்வதால், இறந்தவர்களின் குரலைக் கேட்க அங்கே வருகிறார்கள் என்று எழுதும்போது எனக்குக் கூச்சமே இருக்கவில்லை. சூடு குறைந்த கிணற்றில் போட்டால் குரல் கிசுகிசுப்பாக வரும், கூடினதில் போட்டால் கத்தும். கோபத்தில் சொன்ன சொல்லை எந்தக் கிணற்றில் போடுவது என்று ஒரு குடும்பமே அடிபடுகிறது.

மாயக்கதை எழுதுகிறவர்களிடம் எனக்கு ஒரு குறை உண்டு. கல்லை அரசன் கையில் காட்டுவார்கள், யார் தோண்டினார்கள் என்று சொல்லமாட்டார்கள். என் கதையில் மணல் அள்ளுகிறவர்கள் வேலை நேரத்தில் வாய் திறக்கக் கூடாது, திறந்தால் சொல் போய்விடும். கையால்தான் பேசிக்கொள்கிறார்கள். கூலி கேட்பதற்கும் ஒரு சைகை இருக்கிறது, கங்காணி அதை மட்டும் விளங்காத மாதிரி நிற்கிறான். மணலுக்குப் பக்கத்தில் இருமினால் என்ன ஆகும் என்று ஒரு பிள்ளை கேட்டாள், அதை அப்படியே கதையில் சேர்த்துக்கொண்டேன்.

அடுத்த அத்தியாயத்தில் அரசன் கிணறுகளைச் சுற்றி வேலி போடப்போகிறான். ஆறு கிணற்றுக்குக் காவலாட்கள் கிடைத்துவிட்டார்கள், ஏழாவதை யாரிடம் கொடுப்பது என்று நான் இன்னும் முடிவெடுக்கவில்லை. வணக்கம்.