தைத்த கையும் வெட்டிய கையும்

நேயர்களுக்கு வணக்கம்.

ஒரு படத்தில் கலை இயக்குநரின் வேலை எங்கே முடிகிறது? செட் தயாராகி, நடிகர்கள் உடை மாற்றிக்கொண்டு வந்து நின்றதும் அவர் ஒதுங்கிக்கொள்ள வேண்டியதுதான். பார்த்துப் பார்த்துப் பூசிய சுவர் திரையில் அரை நொடி வருமா, வராமலே போகுமா என்பதெல்லாம் எடிட்டர் கையில். அந்த எடிட்டர் வேலையையும் தானே எடுத்துக்கொண்ட ஒருவரைப் பற்றித்தான் இன்று பேசப்போகிறேன். ஹாங்காங்கைச் சேர்ந்த வில்லியம் சாங். வோங் கார்-வாய் இயக்கிய படங்களில் அரங்கம் இவர், ஆடை இவர், பெரும்பாலும் படத்தொகுப்பும் இவரே.

1970களின் இறுதியில் ஹாங்காங் சினிமாவில் ஒரு புதிய அலை எழுந்தது. அதில் வந்தவர் சாங். 1981இல் பேட்ரிக் டாம் இயக்கிய 'லவ் மாசகர்' படத்தில் சிவப்பு, வெள்ளை, நீலம் என்று இரண்டு மூன்று நிறங்களை வைத்துக்கொண்டே மிரட்டினார். 1984இல் வந்த யிம் ஹோவின் 'ஹோம்கமிங்' ஹாங்காங் திரைப்பட விருதை வாங்கித் தந்தது. 1988இல் வோங் தன் முதல் படத்தை எடுத்தபோது கூடச் சேர்ந்தார். பிறகு பல பத்தாண்டுகளுக்குப் பிரியவே இல்லை.

இவருடைய வேலையைப் புரிந்துகொள்ள 2000இல் வந்த 'இன் த மூட் ஃபார் லவ்' ஒன்று போதும். கதை 1962இல் தொடங்குகிறது. ஷாங்காயிலிருந்து வந்தவர்கள் ஒண்டுக்குடித்தனம் இருக்கும் வீடுகள். பக்கத்துப் பக்கத்தில் ஒரு ஆணும் ஒரு பெண்ணும், இருவருமே திருமணமானவர்கள். அவன் மனைவிக்கும் அவள் கணவனுக்கும் தொடர்பு இருக்கிறது. அது இவர்களுக்கு எப்படித் தெரிகிறது? கடிதம் சிக்கவில்லை, யாரும் போட்டுக்கொடுக்கவில்லை. அவள் கையில் இருக்கும் பையைப் போலவே அவன் மனைவியிடமும் ஒன்று இருக்கிறது. அவன் கட்டியிருக்கும் டையைப் போலவே அவள் கணவனிடமும் ஒன்று. அந்தக் கணவன், அந்த மனைவி இருவரின் முகத்தையும் படம் கடைசிவரை காட்டுவதே இல்லை. ஒரு பையும் ஒரு டையும் அவர்களுக்காக நடித்துவிடுகின்றன.

அடுத்தது கதாநாயகி மேகி சியுங் உடுத்தும் சியோங்சாம், அந்த உயர்ந்த கழுத்துப்பட்டை வைத்த சீன உடை. இருபதுக்கும் மேற்பட்டவை மாறி மாறி வருகின்றன. அழகுக்காக என்று நினைத்துவிடாதீர்கள். அதே படிக்கட்டு, அதே நூடுல்ஸ் கடை, கையில் அதே பாத்திரம். உடை மட்டும் வேறு. ஓ, நாள் மாறிவிட்டது என்று நமக்குப் புரிகிறது. 'மறுநாள்' என்று எழுத்துப் போட வேண்டிய அவசியமே இல்லை. துணி தைத்தவரே படத்தை வெட்டவும் உட்கார்ந்தால்தான் இப்படி ஒரு கணக்கு சாத்தியம்.

அந்த 1962ஆம் ஆண்டு ஹாங்காங், படம் எடுக்கும் காலத்தில் இடிபட்டுப் புதுக் கட்டடங்களாகிவிட்டது. பழைய தெருக்களுக்காகக் குழு பாங்காக்குக்குப் போனது. இருவரும் நெருங்கும் ஒரு காட்சியும் எடுக்கப்பட்டது. கடைசியில் அதைத் தூக்கிவிட்டார்கள். கான் திரைப்பட விழாவில் தொழில்நுட்பத்துக்கான பரிசு ஒளிப்பதிவாளர்கள் கிறிஸ்டோபர் டாயல், மார்க் லீ பிங்-பின் ஆகியோரோடு சாங்குக்கும் சேர்த்தே கிடைத்தது. ஆனாலும் இந்தப் படத்தைப் பற்றிப் பேசுகிறவர்கள் இன்றும் கேமராவைத்தான் புகழ்கிறார்கள். எனக்கு அதில் கொஞ்சம் கோபம் உண்டு.

நேரமில்லாத நேரத்திலும் அவர் கை சும்மா இருந்ததில்லை. 1994இல் வந்த 'சுங்கிங் எக்ஸ்பிரஸ்' அவசர அவசரமாக எடுத்த படம். அதில் போலீஸ்காரர் குடியிருக்கும் வீடு டாயலின் சொந்த வீடு. பிரிஜிட் லின்னுக்கு ஒரு பொன்னிற விக், கறுப்புக் கண்ணாடி, மழைக்கோட்டு. மழை வருமா வெயில் அடிக்குமா தெரியாதாம், அதனால் இரண்டுக்கும் தயாராம்! அந்தப் பெண் எவ்வளவு பயந்துபோய் வாழ்கிறாள் என்பதை அந்த உடையே சொல்லிவிடுகிறது.

2013இல் 'தி கிராண்ட்மாஸ்டர்'. கொட்டும் மழையில் சண்டை போடும் டோனி லியுங் தலையில் ஒரு வெள்ளைத் தொப்பி. அடியின் வேகத்தை அதன் விளிம்பிலிருந்து தெறிக்கும் நீர்தான் காட்டுகிறது. அந்தப் படத்தின் ஆடை வடிவமைப்புக்காக ஆஸ்கர் பரிந்துரைப் பட்டியலில் சாங் பெயர் இடம்பெற்றது. விருதை 'தி கிரேட் கேட்ஸ்பி' தட்டிச் சென்றது. இரண்டையும் பார்த்துவிட்டு நீங்களே தீர்ப்புச் சொல்லுங்கள். என் ஓட்டு அந்தத் தொப்பிக்குத்தான்.

நன்றி, வணக்கம்.